மனிதர் சொத்தா? பிரிட்டனின் அடிமை ஒழிப்பாளர்கள் வென்றதும் விட்டுக்கொடுத்ததும்

2024 அக்டோபரில் சமோவாவின் அப்பியா நகரில் கூடிய காமன்வெல்த் நாடுகளின் தலைவர்கள், அடிமை வணிகத்துக்கான ஈடுசெய் நீதி பற்றி உண்மையோடும் மரியாதையோடும் பேசுவதற்கான நேரம் வந்துவிட்டது என்று தங்கள் கூட்டறிக்கையில் எழுதினர். கரீபியன் நாடுகளின் கூட்டமைப்பான காரிகாம் இதற்காக 2013இலேயே ஓர் ஆணையத்தை அமைத்து, 2014இல் பத்துக் கோரிக்கைகள் கொண்ட திட்டத்தை வெளியிட்டிருந்தது. செய்தியைப் படித்த பலருக்கும் எழுந்த கேள்வி ஒன்றுதான். அடிமைமுறையைச் சட்டம் போட்டு ஒழித்த நாடு பிரிட்டன். நாடாளுமன்ற உறுப்பினர் வில்லியம் வில்பர்ஃபோர்ஸ் போன்றவர்கள் அதற்காகவே வாழ்ந்தவர்கள். அப்படியிருக்க, ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்குப் பிறகு இந்தக் கணக்கு ஏன் இன்னும் முடியவில்லை?

ஒழிப்பு என்பது ஒரே நாளில், ஒரே சட்டத்தால் நடந்ததன்று என்பதை அறிந்தால்தான் இதற்கு விடை கிடைக்கும். 1772, 1807, 1833, 1838, 1843 என்று ஒவ்வொரு படியாக நடந்த அந்தப் போராட்டத்தில், ஒவ்வொரு படியிலும் ஒரே கேள்வியே திரும்பத் திரும்ப எழுந்தது: ஒரு மனிதரை இன்னொருவரின் சொத்து என்று சட்டம் ஏற்கலாமா? ஒழிப்பாளர்கள் சில இடங்களில் அந்தக் கேள்வியை நேருக்கு நேர் எதிர்கொண்டார்கள். சில இடங்களில், வெற்றி கைநழுவிவிடும் என்ற அச்சத்தில், அதைத் தொடாமல் சுற்றிச் சென்றார்கள். இன்றைய வழக்கு அவர்கள் தொடாமல் விட்ட இடங்களிலிருந்தே எழுகிறது.

முதலில் சில சொற்கள்

மூன்று சொற்களைப் பிரித்தறியாமல் இந்த வரலாற்றைப் படித்தால் குழப்பமே மிஞ்சும்.

1. அடிமை வணிகம்: ஆப்பிரிக்கக் கரையில் மனிதர்களை வாங்கி, கப்பலில் ஏற்றி, அமெரிக்கக் கண்டங்களிலும் கரீபியன் தீவுகளிலும் விற்பது. அட்லாண்டிக் கடலைக் கடக்க இப்படிக் கப்பலேற்றப்பட்டவர்கள் ஏறத்தாழ 1 கோடியே 25 லட்சம் பேர். அவர்களில் 30 லட்சத்துக்கும் மேற்பட்டோரை ஏற்றியவை பிரிட்டிஷ் கப்பல்கள்.

2. அடிமைமுறை: அப்படி விற்கப்பட்டவர்களையும் அவர்களுக்குப் பிறக்கும் பிள்ளைகளையும் ஆயுள் முழுவதும் உடைமையாக வைத்திருப்பது. வணிகத்தைத் தடைசெய்தாலும் இந்த முறை தொடர முடியும். பிரிட்டனில் வணிகத்தைத் தடைசெய்த சட்டத்துக்கும் முறையை ஒழித்த சட்டத்துக்கும் இடையே 26 ஆண்டுகள் கடந்தன.

3. இழப்பீடு: அன்று இந்தச் சொல்லுக்கு இருந்த பொருளுக்கு நேர் எதிரானது இன்றைய பொருள். இன்று அது அடிமைப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள் கேட்பது. 1833இல் அது அடிமைகளின் உரிமையாளர்கள் கேட்டுப் பெற்றது.

இரத்தம் வழிந்த சிறுவனும் ஓர் எழுத்தரும்

பிரிட்டிஷ் ஒழிப்பாளர்களில் முதல்வர் என்று கிரான்வில் ஷார்ப்பைச் சொல்வதே பொருத்தம். 1735இல் டர்ஹாமில் பிறந்த அவர், லண்டன் கோபுரத்தில் இருந்த படைக்கல அலுவலகத்தில் எழுத்தராக வேலை பார்த்தார். சட்டம் படித்தவர் அல்லர். அவருடைய அண்ணன் வில்லியம் மருத்துவர். மின்சிங் லேன் தெருவில் ஏழைகளுக்கு இலவசமாக மருத்துவம் பார்த்தார். 1765இல் அந்த வாசலில் ஜொனாதன் ஸ்ட்ராங் என்ற கறுப்பினச் சிறுவனை ஷார்ப் கண்டார். பார்படோஸிலிருந்து அவனைக் கொண்டுவந்த வழக்கறிஞர் கைத்துப்பாக்கியின் பின்பகுதியால் தலையில் மாறிமாறி அடித்து, இனி எதற்கும் உதவமாட்டான் என்று தெருவில் விட்டிருந்தார். கண்பார்வை மங்கி, நடக்கக்கூட முடியாத நிலையில் இருந்தான். அண்ணன் தம்பி இருவரும் அவனை மருத்துவமனையில் சேர்த்துப் பிழைக்கவைத்து, ஒரு வேலையும் தேடிக்கொடுத்தனர்.

இரண்டு ஆண்டுகள் கழித்து அந்தப் பழைய எசமானர் தெருவில் அவனைப் பார்த்தார். உடல் தேறிவிட்டவன் மீண்டும் விலைபோகும் பொருளாகிவிட்டான். ஜமைக்காவின் தோட்ட முதலாளி ஒருவருக்கு 30 பவுண்டுக்கு அவனை விற்று, ஆட்களை வைத்துப் பிடித்து அடைத்தார். ஷார்ப் லண்டன் மேயரிடம் முறையிட்டு அவனை மீட்டார். வாங்கியவரோ சொத்தைப் பறித்ததாக ஷார்ப் மீதே வழக்குத் தொடுத்தார். அடிமையின் மீது எசமானருக்கு உள்ள உரிமை இங்கிலாந்து மண்ணிலும் செல்லும் என்பதால் வாதாடிப் பயனில்லை என்று வழக்கறிஞர்கள் கைவிரித்தபோது, ஷார்ப் தாமே சட்டப் புத்தகங்களைத் திறந்தார். அலுவலக வேலை முடிந்த நேரங்களில் இரண்டு ஆண்டுகள் படித்து, 1769இல் ஒரு நூலையும் வெளியிட்டார்.

அந்தப் படிப்பின் பயன் 1772இல் தெரிந்தது. சார்லஸ் ஸ்டூவர்ட் என்பவரால் இங்கிலாந்துக்குக் கொண்டுவரப்பட்ட ஜேம்ஸ் சாமர்செட், 1771இல் தப்பியோடிப் பிடிபட்டு, ஜமைக்கா செல்லும் கப்பலில் விலங்கிட்டு வைக்கப்பட்டிருந்தார். அவருக்காக ஆட்கொணர்வு மனு தாக்கல் செய்யப்பட்டது. 1772 ஜூன் 22 அன்று தலைமை நீதிபதி மான்ஸ்ஃபீல்ட் பிரபு, எந்த எசமானரும் ஓர் அடிமையை வலுக்கட்டாயமாக இங்கிலாந்திலிருந்து வெளியே கொண்டுசென்று விற்க முடியாது என்று தீர்ப்பளித்து சாமர்செட்டை விடுவித்தார்.

இந்தத் தீர்ப்பு இங்கிலாந்தில் அடிமைமுறையையே ஒழித்துவிட்டது என்று அன்றும் பலர் நம்பினர், இன்றும் எழுதுகின்றனர். தீர்ப்பு அவ்வளவு தூரம் போகவில்லை. அது எசமானரின் ஓர் உரிமையை மட்டுமே மறுத்தது. குடியேற்ற நாடுகளில் இருந்த இலட்சக்கணக்கானவர்களை அது தொடவே இல்லை.

ஸாங் கப்பல்: கொலை வழக்காக மாறாத காப்பீட்டு வழக்கு

மனிதரைச் சொத்தாக ஏற்கும் சட்டம் எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்பதை அடுத்த பத்தாண்டுக்குள் ஸாங் என்ற கப்பல் காட்டியது. லிவர்பூல் வணிகர்களுக்குச் சொந்தமான அக்கப்பல் 1781இல் 442 ஆப்பிரிக்கர்களை ஏற்றிக்கொண்டு ஜமைக்கா நோக்கிச் சென்றது. வழி தவறி, நோய் பரவி, தண்ணீர் குறைந்துவிட்டது என்று சொல்லி, நவம்பர் 29 முதல் சில நாட்களில் 130க்கும் மேற்பட்டோரைக் கப்பல் ஊழியர்கள் உயிரோடு கடலில் எறிந்தனர். நோயால் இறந்தால் காப்பீடு கிடைக்காது. கப்பலைக் காக்கச் சரக்கின் ஒரு பகுதியைக் கடலில் எறிய நேர்ந்தால் கிடைக்கும். முதலாளிகள் தலைக்கு 30 பவுண்டு கேட்டனர். ஜொனாதன் ஸ்ட்ராங்குக்கு வைத்த அதே விலை.

காப்பீட்டாளர்கள் மறுக்க, வழக்கு நீதிமன்றம் போனது. நடுவர் குழு முதலாளிகள் பக்கம் தீர்ப்பளித்தது. மேல்விசாரணையின்போது, நடுவர்களின் கண்ணில் இது குதிரைகளைக் கடலில் எறிந்தது போன்ற வழக்காகவே இருந்தது என்றும், அதைக் கேட்க மனம் அதிர்கிறது என்றும் அதே மான்ஸ்ஃபீல்ட் குறிப்பிட்டார். மறுவிசாரணைக்கு அனுமதி தரப்பட்டது; அது நடந்ததற்கான சான்று இல்லை. கொலைக் குற்றத்துக்காக எவரும் கூண்டில் ஏற்றப்படவில்லை. ஷார்ப் எவ்வளவோ முயன்றும் கொலை வழக்குப் பதிவாகவில்லை.

இந்தச் செய்தியை 1783 மார்ச்சில் ஷார்ப்பின் வீடு தேடிப்போய்ச் சொன்னவர் ஒலாடா இக்வியானோ. இவரைச் சாட்சி என்று மட்டும் சொல்லி நிறுத்துவது சரியாகாது. இயக்கத்தின் தலைவர்களுள் ஒருவர் அவர். கடற்படை அதிகாரி ஒருவரின் அடிமையாகப் பல கடல்களைக் கண்டவர். பின்னர் மான்ட்செராட் தீவில் குவேக்கர் என்ற கிறித்தவப் பிரிவைச் சேர்ந்த ராபர்ட் கிங் என்ற வணிகரின் உடைமையானார். பிறர் சரக்கை விற்கப்போன இடங்களில் கண்ணாடிக் குவளை, பழம் என்று தாமும் சில்லறை வணிகம் செய்து காசு சேர்த்து, 1766இல் 40 பவுண்டு கொடுத்துத் தம்மைத் தாமே விலைக்கு வாங்கினார். தன் உயிருக்குத் தானே விலை கொடுத்துச் சீட்டு எழுதி வாங்கிய ஒருவருக்கு, மனிதர் சொத்தா என்ற கேள்வி வெறும் ஏட்டு வாதமாக இருந்திருக்க முடியாது. 1789இல் வெளியான அவருடைய தன்வரலாறு அவர் வாழ்நாளிலேயே ஒன்பது பதிப்புகள் கண்டது. ஊர் ஊராகச் சென்று அதை விற்று, அந்தக் கூட்டங்களில் பேசினார். 1797இல், எந்த ஒழிப்புச் சட்டத்தையும் காணாமலே, இறந்துபோனார்.

1787இல் பன்னிரண்டு பேர் எடுத்த முடிவு

1787 மே 22 அன்று லண்டனில், ஜார்ஜ் யார்ட் சந்தில் இருந்த ஜேம்ஸ் பிலிப்ஸின் அச்சகத்தில் 12 பேர் கூடி ஒரு குழு அமைத்தனர். ஒன்பது பேர் குவேக்கர்கள். மற்ற மூவரில் ஷார்ப் ஒருவர், தாமஸ் கிளார்க்சன் இன்னொருவர். அங்கே அவர்கள் எடுத்த முடிவு அடுத்த அரை நூற்றாண்டையே வடிவமைத்தது: அடிமைமுறையைத் தாக்குவதில்லை, அடிமை வணிகத்தை மட்டும் தாக்குவது.

அவர்களின் கணக்கு இது. முறையைத் தாக்கினால், நாடாளுமன்றம் குடியேற்ற நாட்டு முதலாளிகளின் சொத்தைப் பறிக்கிறது என்ற கூச்சல் எழும். வணிகத்தைத் தடுக்கவோ நாடாளுமன்றத்துக்கு முழு உரிமை உண்டு. புதிதாக ஆட்கள் வருவது நின்றால், இருப்பவர்களை முதலாளிகள் தாமே நன்றாக நடத்துவார்கள். காலப்போக்கில் முறையும் தேய்ந்து மறையும். இதில் முதல் பாதி சரியான கணிப்பு, பின்பாதி முற்றிலும் பிழையானது. அந்தப் பிழையின் விலையை மேலும் ஒரு தலைமுறை கரும்புத் தோட்டத்தில் கொடுத்தது. ஷார்ப்புக்கு இந்த முடிவில் உடன்பாடு இல்லை. முறையையே எதிர்க்க வேண்டும் என்று வாதிட்டுப் பெரும்பான்மைக்கு இணங்கினார்.

கிளார்க்சனின் பெட்டி

வில்பர்ஃபோர்ஸின் பெயர் பள்ளிக்கூடப் பாடங்களில் நிலைத்துவிட்டது. உழைப்பை அளந்தால் முதலிடம் கிளார்க்சனுக்கே உரியது என்பது என் கருத்து. 1785இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம், ஒருவரை அவர் விருப்பமின்றி அடிமையாக்குவது முறையா என்ற தலைப்பில் லத்தீன் கட்டுரைப் போட்டி வைத்தது. 25 வயது கிளார்க்சன் பரிசுக்காகவே எழுதத் தொடங்கினார். எழுதி முடிப்பதற்குள் தூக்கம் போய்விட்டது. பரிசு பெற்றுக் குதிரையில் லண்டன் திரும்பும் வழியில், ஹெர்ட்ஃபோர்ட்ஷயரின் வேட்ஸ்மில் ஊருக்கருகே சாலையோரம் இறங்கி உட்கார்ந்தார். நான் எழுதியது உண்மையானால் யாராவது ஒருவர் இந்தக் கொடுமையை முடிவுக்குக் கொண்டுவர வேண்டுமே என்ற எண்ணம் அங்கே தம்மைப் பிடித்துக்கொண்டதாகப் பின்னாளில் எழுதினார்.

அதன் பிறகு அவர் செய்தது சான்று திரட்டும் வேலை. பிரிஸ்டல், லிவர்பூல் துறைமுகங்களில் மாலுமிகள் கூடும் சாராயக் கடைகளில் இரவெல்லாம் உட்கார்ந்து கேட்டறிந்தார். கப்பல்களின் ஆள்பதிவேடுகளைப் பார்த்து ஆயிரக்கணக்கான மாலுமிகளின் கதியைத் தொகுத்தார். அடிமை வணிகம் மாலுமிகளுக்குப் பயிற்சிக்களம் என்று வணிகர்கள் சொல்லிவந்தனர். அது மாலுமிகளுக்குச் சுடுகாடு என்று பதிவேடுகள் காட்டின. லிவர்பூலில் கப்பல்துறை அருகே ஒரு கும்பல் அவரைச் சூழ்ந்து கடலில் தள்ளப் பார்த்தது. இடித்துக்கொண்டு ஓடித் தப்பினார்.

அதே லிவர்பூலில் ஒரு கடையின் சன்னலில், மற்றச் சாமான்களோடு விற்பனைக்கு வைத்திருந்த சில இரும்புக் கருவிகளை அவர் விலைக்கு வாங்கினார். கைவிலங்கு, கால்விலங்கு, கட்டைவிரலை நசுக்கும் திருகு. நான்காவதாக, கவராயம் போன்ற அமைப்பில், திருகத் திருக இரு முனைகளும் விரியும் ஒரு கருவி. தாடை இறுகிப்போன நோயாளிகளின் வாயைத் திறக்க மருத்துவர்கள் பயன்படுத்துவது அது. கப்பலில் அதற்கு என்ன வேலை என்று கேட்டபோது கடைக்காரர் சொன்னார்: சாப்பிட மறுத்துச் சாகப் பார்க்கும் அடிமைகளின் வாயைத் திறந்து ஊட்டுவதற்கு. சரக்கு கெடாமல் கரை சேர வேண்டும் என்ற அக்கறை அந்தத் திருகில் இருந்தது.

இவற்றோடு கிளார்க்சன் ஒரு பெட்டியையும் சுமந்து சென்றார். அதில் ஆப்பிரிக்கத் துணி, தந்தம், மிளகு, சாயமரம், பருத்தி ஆகியவை இருந்தன. மனிதர்களை வாங்காமலே அந்தக் கண்டத்தோடு வணிகம் செய்ய முடியும் என்று காட்டுவதற்காக அந்தப் பெட்டி. விலங்கைக் காட்டி மனத்தை உலுக்கிய கையோடு, துணியைக் காட்டி வணிகனின் கணக்குக்கும் விடை சொன்ன அந்த அணுகுமுறை அன்றைய பரப்புரையில் புதியது.

புரூக்ஸ் என்ற லிவர்பூல் கப்பலின் வரைபடமும் அப்படிப்பட்ட ஒன்றே. 1788இல் வந்த டால்பன் சட்டம் அந்தக் கப்பலில் 454 பேர்வரை ஏற்ற அனுமதித்தது. அதற்கு முன் 609 பேரை ஏற்றிய கப்பல் அது. ஒழிப்பாளர்கள் சட்டம் அனுமதித்த அளவையே எடுத்துக்கொண்டு, ஓர் ஆணுக்கு 6 அடி நீளம், 16 அங்குல அகலம் என்று கணக்கிட்டு, ஒவ்வோர் உடலையும் தளத்தில் வரைந்து காட்டினர். மிகைப்படுத்தல் ஒரு துளியும் இல்லை. ஆனாலும் பார்த்தவர்கள் அதிர்ந்தனர்.

சர்க்கரையைத் துறந்த வீடுகள்

1791 ஏப்ரலில் வில்பர்ஃபோர்ஸ் கொண்டுவந்த மசோதா 163க்கு 88 என்ற வாக்கில் தோற்றது. அதன் பிறகு போராட்டம் அடுப்படிக்கு வந்தது. அடிமைகள் விளைவித்த கரீபியன் சர்க்கரையை வாங்குவதில்லை என்று ஏறத்தாழ 3 லட்சம் பேர் முடிவெடுத்ததாகக் கிளார்க்சன் மதிப்பிட்டார். நாடாளுமன்றத்தில் வாக்குரிமை இல்லாத பெண்கள்தான் வீட்டுச் செலவை முடிவு செய்தவர்கள். வாக்குச் சீட்டு இல்லாத இடத்தில் சர்க்கரைக் கிண்ணம் அந்த வேலையைச் செய்தது. 1792இல் 519 மனுக்கள் நாடாளுமன்றத்தில் குவிந்தன. கையொப்பமிட்டவர்கள் சுமார் 3 லட்சத்து 90 ஆயிரம் பேர். அவ்வளவு பெரிய எதிர்ப்பைக் கண்டு அவையால் மறுக்கவும் முடியவில்லை, ஏற்கவும் மனமில்லை. உள்துறை அமைச்சர் ஹென்றி டண்டாஸ் “படிப்படியாக” என்ற ஒற்றைச் சொல்லைத் தீர்மானத்தில் சேர்த்தார். 230க்கு 85 என்ற வாக்கில் அது நிறைவேறியது. அந்தச் சொல்லுக்குள் பதினைந்து ஆண்டுகள் புதைந்தன.

அதற்கிடையே பிரான்சின் குடியேற்ற நாடான செயின்ட் டொமிங்கில் அடிமைகள் 1791இல் கிளர்ந்தெழுந்து, 1804இல் ஹெய்ட்டி என்ற விடுதலை நாட்டை நிறுவிவிட்டனர். பிரிட்டனும் அந்தத் தீவைப் பிடிக்கப் படை அனுப்பித் தோற்றது. எழுச்சி பற்றிய அச்சமும், எதிரி நாடுகளின் அடிமை வணிகத்தைத் தடுப்பது போர்த் தேவை என்று ஒழிப்பாளர்களின் பக்கம் நின்ற வழக்கறிஞர் ஜேம்ஸ் ஸ்டீபன் 1806இல் வகுத்த தந்திரமும் சேர்ந்து காற்றைத் திருப்பின. 1807 பிப்ரவரியில் 283க்கு 16 என்ற வாக்கில் மக்களவை வணிகத் தடையை ஏற்றது. மார்ச் 25 அன்று அது சட்டமானது.

படிப்படியாகவா, உடனடியாகவா?

வணிகம் நின்றது, முறை தேயவில்லை. 1823இல் புதிய சங்கம் தொடங்கியபோதும், அதன் பெயரிலேயே அடிமை நிலையைத் தணிப்பதும் படிப்படியாக ஒழிப்பதும் நோக்கம் என்று எழுதிவைத்தார்கள். இதை வெளிப்படையாக எதிர்த்தவர் லெஸ்டர் நகரின் எலிசபெத் ஹெய்ரிக். 1824இல் அவர் வெளியிட்ட துண்டுநூல், படிப்படியாக அல்ல, உடனடியாக ஒழிக்க வேண்டும் என்றது. இழப்பீடு தருவதானால் முதலில் அடிமைகளுக்கே தர வேண்டும் என்ற வாதத்தையும் அது முன்வைத்தது. இன்று காரிகாம் கேட்பது புதிய கேள்வி அன்று. 1824இல் ஒரு பெண் அச்சில் எழுப்பிய கேள்விதான்.

பெண்கள் தனிச் சங்கம் வைத்து வீடுவீடாகச் செல்வது வில்பர்ஃபோர்ஸுக்குப் பிடிக்கவில்லை. ஆனால் மையச் சங்கத்தின் நிதியில் பெண்களின் சங்கங்கள் தந்த பங்கு பெரிது. 1830இல் அவர்கள் நன்கொடையை நிறுத்துவதாக எச்சரித்ததும், “படிப்படியாக” என்ற சொல் சங்கத்தின் பெயரிலிருந்து நீங்கியது. அடுத்த ஆண்டே பெர்முடாவில் அடிமையாகப் பிறந்த மேரி பிரின்ஸின் வாழ்க்கைக் கதை அச்சேறியது. பிரிட்டனில் வெளியான முதல் கறுப்பினப் பெண்ணின் வரலாறு அது.

தோட்டங்களில் இருந்தவர்கள் லண்டனின் முடிவுக்காகக் காத்திருக்கவில்லை. 1831 கிறிஸ்துமஸ் முடிந்ததும் ஜமைக்காவில் பாப்டிஸ்ட் போதகரான சாமுவேல் ஷார்ப்பின் தலைமையில், கூலி கொடுக்காமல் கரும்பு வெட்டமாட்டோம் என்று பல்லாயிரம் பேர் வேலையை நிறுத்தினர். அது கிளர்ச்சியாக வெடித்தது. அதை அடக்கிய பின் முந்நூற்றுக்கும் மேற்பட்டவர்களுக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. 1832 மே 23 அன்று சாமுவேல் ஷார்ப் தூக்கிலிடப்பட்டார். மேலிருந்து சட்டம் வராவிட்டால் கீழிருந்து விடுதலை வரும் என்பது லண்டனில் இருந்தவர்களுக்குப் புரிய அதற்கு மேல் ஓராண்டுகூடத் தேவைப்படவில்லை.

1833: யாருக்கு யார் பணம் தந்தது?

வில்பர்ஃபோர்ஸ் 1825இலேயே அவையிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டார். பொறுப்பை ஏற்றவர் தாமஸ் ஃபவல் பக்ஸ்டன். 1833 ஜூலை 26 அன்று மசோதா நிறைவேறுவது உறுதியாயிற்று. மூன்று நாள் கழித்து வில்பர்ஃபோர்ஸ் காலமானார். 1834 ஆகஸ்ட் 1 முதல் நடைமுறைக்கு வந்த அந்தச் சட்டத்தின் முழுத் தலைப்பிலேயே மூன்று நோக்கங்கள் உள்ளன: அடிமைமுறையை ஒழித்தல், விடுதலை பெற்றவர்களின் உழைப்பை ஊக்குவித்தல், இதுவரை அவர்களின் சேவைக்கு உரியவராக இருந்தவர்களுக்கு இழப்பீடு வழங்கல். இவை நடைமுறையில் என்ன ஆயின என்பதைத் தனித்தனியே பார்க்கலாம்.

1. விடுதலை: சுமார் 8 லட்சம் பேர் சட்டப்படி அடிமைகள் அல்லர் என்றாயிற்று. ஆனால் ஆறு வயதுக்குக் குறைந்த குழந்தைகள் மட்டுமே உடனே முழு விடுதலை பெற்றனர்.

2. ஊக்குவித்தல்: மற்றவர்கள் தொழிற்பயிலுநர் என்ற புதிய பெயரில் அதே எசமானருக்கு, வயல் வேலையாட்களாயின் வாரத்துக்கு 45 மணி நேரம்வரை, கூலியின்றி உழைக்க வேண்டும். வாழ்நாள் முழுதும் கரும்பு வெட்டியவர் அந்தத் தொழிலை மேலும் ஆறு ஆண்டு பயில வேண்டுமாம். பர்மிங்ஹாமைச் சேர்ந்த ஜோசப் ஸ்டர்ஜ் நேரில் சென்று விசாரித்து, ஜேம்ஸ் வில்லியம்ஸ் என்ற இளைஞரை ஜமைக்காவிலிருந்து அழைத்துவந்து அவருடைய வாக்குமூலத்தை 1837இல் வெளியிட்டார். சிறையில் மிதிசக்கரத்தில் கட்டி அடித்ததை அது விவரித்தது. எதிர்ப்பு வலுத்து, 1840வரை நீள வேண்டிய அந்த ஏற்பாடு 1838 ஆகஸ்ட் 1 அன்று முடிவுக்கு வந்தது.

3. இழப்பீடு: 2 கோடி பவுண்டு. அன்றைய அரசின் ஆண்டுச் செலவில் ஏறத்தாழ 40 விழுக்காடு. முழுவதும் உரிமையாளர்களுக்கே போனது. அடிமைகளாக இருந்தவர்களுக்கு ஒரு பென்னிகூடத் தரப்படவில்லை. சுமார் 46 ஆயிரம் கோரிக்கைகள் வந்தன. பின்னாளில் பிரதமரான வில்லியம் கிளாட்ஸ்டனின் தந்தை ஜான் கிளாட்ஸ்டன் மட்டும் 2,508 பேருக்காக ஒரு லட்சத்து 6 ஆயிரம் பவுண்டுக்கு மேல் பெற்றார்.

இந்தப் பணத்துக்காக அரசு 1835இல் ஒன்றரைக் கோடி பவுண்டு கடன் வாங்கியது. அந்தக் கடன் பிற்காலக் கடன் பத்திரங்களுக்குள் கலந்து, 2015இல்தான் முழுவதுமாகத் தீர்க்கப்பட்டது என்று பிரிட்டிஷ் நிதித்துறை 2018இல் வெளிப்படையாகச் சொன்னது. கரீபியனிலிருந்து குடியேறி, பிரிட்டனில் வரி செலுத்திவந்த, அடிமைகளின் வழித்தோன்றல்களும், தம் முன்னோரை வைத்திருந்தவர்களுக்காக வாங்கிய கடனை அடைப்பதில் பங்குகொண்டிருக்கிறார்கள் என்பது இதன் பொருள்.

இழப்பீட்டை எதிர்த்த ஒழிப்பாளர்கள் உண்டு. பணம் கொடுப்பது மனிதர் சொத்துதான் என்று ஒப்புக்கொள்வதாகும் என்று அவர்கள் சொன்னார்கள். பக்ஸ்டனோ இழப்பீட்டுக்கு இணங்கினார். தோட்ட முதலாளிகளின் ஆதரவாளர்கள் நிறைந்த நாடாளுமன்றத்தில் வேறு வழியில் அந்த ஆண்டு சட்டம் வந்திருக்காது என்பது அவர் கணக்கு. அவரைக் குறைசொல்வது எளிது. ஒவ்வோர் ஆண்டுத் தாமதத்திலும் செத்துக்கொண்டிருந்தவர்களை எண்ணினால் அவ்வளவு எளிதன்று. ஆனாலும் 1787இல் தொடாமல் விட்ட கேள்விக்கு 1833இல் சட்டமே விடை எழுதிவிட்டது: அவர்கள் சொத்து, ஆகவே விலை உண்டு.

தோட்டங்களுக்குப் புதிய ஆட்கள்

இந்த இடத்தில் கதை இந்தியாவைத் தொடுகிறது. 1834 நவம்பரில் அட்லஸ் என்ற கப்பல் 36 இந்தியக் கூலிகளோடு மொரீஷியஸ் சேர்ந்தது. 1836 ஜனவரியில், முன்சொன்ன ஜான் கிளாட்ஸ்டன், கல்கத்தாவில் இருந்த ஒரு வணிக நிறுவனத்துக்குக் கடிதம் எழுதி, கயானாவில் உள்ள தம் தோட்டங்களுக்கு ஆட்கள் கிடைப்பார்களா என்று விசாரித்தார். 1838 மே மாதம் விட்பி, ஹெஸ்பெரஸ் என்ற இரு கப்பல்களில் 396 பேர் கயானாவில் இறங்கினர். பயிலுநர் முறை முடிய அப்போது மூன்று மாதமே இருந்தது.

ஒழிப்பாளர்கள் இதைக் கண்டுகொள்ளாமல் விடவில்லை. ஜான் ஸ்கோபிள் 1839இல் கயானா சென்று, அடியையும் சாவையும் பதிவு செய்தார். 1840இல் குடியேற்ற நாட்டு அமைச்சர் ஜான் ரஸ்ஸல் பிரபு, இது ஒரு புதிய அடிமைமுறையாக மாறக்கூடும் என்று எழுதினார். ஆட்களை அனுப்புவது சில ஆண்டுகள் நிறுத்தப்பட்டது. பிறகு விதிமுறைகளோடு மீண்டும் தொடங்கியது. 1860இல் 342 பேரோடு ட்ரூரோ கப்பல் சென்னையிலிருந்து தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்குச் சென்றது இந்த ஏற்பாட்டில்தான். ஒப்பந்தக் கூலியை அடிமையோடு அப்படியே சமன்படுத்துவது சரியன்று: ஒப்பந்தத்துக்குக் கால எல்லை இருந்தது, கூலி இருந்தது, பிள்ளைகள் பிறப்பால் கட்டுண்டவர்கள் அல்லர். ஆனால் வேலைக்கு வராததற்குச் சிறைத்தண்டனை என்ற விதி, உழைப்பவரின் உடல் மீது முதலாளிக்கு இருந்த பிடியைத் தளரவிடவில்லை.

64ஆம் பிரிவு

1833ஆம் ஆண்டுச் சட்டத்தின் 64ஆம் பிரிவு அதிகம் பேசப்படாதது. கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சிப் பகுதிகள், இலங்கை, செயின்ட் ஹெலினா தீவு ஆகியவற்றுக்கு இச்சட்டம் பொருந்தாது என்று அது சொல்கிறது. அதே காலத்தில் ஒழிப்பாளர்கள் கரீபியன் சர்க்கரைக்கு மாற்றாகக் கிழக்கிந்தியச் சர்க்கரையை, அடிமைகள் விளைவிக்காதது என்று கிண்ணத்தில் எழுதிவைத்து விற்றுக்கொண்டிருந்தனர். ஆனால் சென்னை மாகாணத்தில் அடிமைமுறை இருந்தது என்பது கம்பெனியின் ஆவணங்களிலேயே பதிவான செய்தி. 1819இல் வருவாய் வாரியம் கேட்ட கேள்விகளுக்குத் தஞ்சாவூர், திருநெல்வேலி, மலபார் பகுதிகளிலிருந்து போன பதில்கள், நிலத்தோடு சேர்த்தோ தனியாகவோ விற்கவும் அடகு வைக்கவும்பட்ட உழவடிமைகளைப் பற்றிப் பேசின. அவர்கள் பெரும்பாலும் பறையர், பள்ளர், புலையர் சாதியினர். யாழ்ப்பாணத்தில் 1707இல் டச்சுக்காரர்கள் தொகுத்த தேசவழமைச் சட்டத்தில் அடிமைகளைப் பற்றித் தனி விதிகளே உண்டு.

1840இல் லண்டனில் நடந்த உலக அடிமை எதிர்ப்பு மாநாட்டுக்கு எண்பது வயதுக் கிளார்க்சன் தலைமை தாங்கினார். இந்திய அடிமைமுறையும் அந்த இயக்கத்தின் கவனத்துக்குள் வந்திருந்தது. அந்த அழுத்தத்துக்கும் 1841இல் சட்ட ஆணையம் தந்த அறிக்கைக்கும் பிறகு, 1843ஆம் ஆண்டின் 5ஆம் சட்டம் வந்தது. நான்கே பிரிவுகள் கொண்ட மிகச் சிறிய சட்டம். அரசு அலுவலர் எவரும் வரிப் பாக்கிக்காகவோ நீதிமன்ற ஆணைக்காகவோ யாரையும் அடிமையென்று விற்கக்கூடாது. அடிமை உரிமை சார்ந்த எந்த வழக்கையும் நீதிமன்றம் ஏற்காது. அடிமை என்பதற்காக ஒருவர் ஈட்டிய சொத்தைப் பறிக்க முடியாது. சுதந்திர மனிதருக்கு இழைத்தால் எது குற்றமோ அது இவருக்கு இழைத்தாலும் குற்றம். இழப்பீடு பற்றி ஒரு சொல்கூட அதில் இல்லை. விடுதலை என்ற சொல்லும் இல்லை. அடுத்த ஆண்டு இலங்கையிலும் அடிமைமுறை சட்டப்படி ஒழிந்தது. அடிமையாக ஒருவரை வாங்குவதும் விற்பதும் இந்தியாவில் தண்டனைக்குரிய குற்றமானது, இந்திய தண்டனைச் சட்டம் 1862இல் நடைமுறைக்கு வந்த பிறகுதான்.

நீதிமன்றம் உடைமை உரிமையை ஏற்காது என்றானதும், மனிதர் சொத்து என்ற கொள்கை சட்டத்தில் கால் ஊன்ற இடமில்லாமல் போயிற்று; அந்த வகையில் நான்கு பிரிவுகளும் 1833ஆம் ஆண்டுச் சட்டம் செய்யாததைச் செய்தன. நிலமோ முன்போலவே மிராசுதாரரிடம் இருந்தது. அடிமை என்று எழுதிய ஓலையின் இடத்தில் கடன்சீட்டு வந்தது. கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் வாங்கிய சிறு தொகை தகப்பனிடமிருந்து மகனுக்கு இறங்கியது. பண்ணையாள் அதே களத்தில் நின்றார்.

அந்தக் கடன்சீட்டைச் செல்லாததாக்க 1976ஆம் ஆண்டின் கொத்தடிமைத் தொழிலாளர் முறை ஒழிப்புச் சட்டம் வர வேண்டியிருந்தது. அதன் 6ஆம் பிரிவு, கொத்தடிமைக் கடன் ஒவ்வொன்றும் தீர்ந்துபோனதாகக் கருதப்படும் என்கிறது. 9ஆம் பிரிவு, அப்படித் தீர்ந்த கடனுக்காக எசமானர் பணம் பெற்றுக்கொண்டால் அவருக்கு மூன்று ஆண்டுவரை சிறை என்கிறது.